இது யார் கூற்று? அமெரிக்கக் கவிஞர்களின் வரிகளை வாழ்த்து அட்டையில் எழுதுவது பற்றி

கேள்வி – 2024 நவம்பர் 9, காலை

குறளுக்கு நிகராக, அன்றாட வாழ்க்கைக்கு உதவும் வரிகள் அமெரிக்கக் கவிஞர்களிடம் ஏராளமாக இருக்கின்றன என்பது என் கருத்து. வரும் மே மாதம் என் அக்காள் மகன் பட்டம் பெறுகிறான். ஆள் நடமாட்டம் குறைந்த பாதையைத் தேர்ந்தேன், எல்லா வேறுபாட்டுக்கும் அதுவே காரணம் என்று ராபர்ட் ஃபிராஸ்ட் சொன்னதை வாழ்த்து அட்டையில் எழுத எண்ணியிருக்கிறேன். துணிந்து தனிவழி செல் என்பதற்கு இதைவிடப் பொருத்தமான வரி உண்டா?

2024 நவம்பர் 9, இரவு

வரி பொருந்தும். கவிதைதான் பொருந்தாது.

முழுவதையும் ஒருமுறை படித்துவிடுங்கள்; மொத்தம் 20 அடிகள்தான். இலையுதிர்காலக் காட்டில் பாதை இரண்டாகப் பிரிகிறது. ஒருவன் நெடுநேரம் நின்று ஒரு பாதையைக் கண்ணுக்கெட்டிய மட்டும் பார்த்துவிட்டு மற்றதில் நடக்கிறான். அதில் புல் சற்று மண்டியிருந்தது என்று சொன்ன வாயாலேயே, உண்மையில் இரண்டும் ஏறத்தாழ ஒரே அளவுக்குத்தான் தேய்ந்திருந்தன என்கிறான். அன்று காலை இரண்டிலும் கிடந்த சருகுகள் எவர் காலும் பட்டுக் கறுக்காமல் இருந்தன என்றும் சேர்த்துக்கொள்கிறான். நீங்கள் எழுத நினைக்கும் வரி கடைசியில் வருகிறது. அங்கே அவன் நடந்ததைச் சொல்லவில்லை. பல காலம் கழித்து, எங்கேயோ உட்கார்ந்துகொண்டு, பெருமூச்சோடு நான் இப்படித்தான் கதை சொல்லிக்கொண்டிருப்பேன் என்று தன்னைத் தானே முன்கூட்டிக் கேலி செய்துகொள்கிறான். தலைப்பும் போகாத பாதையைப் பற்றியதுதான்.

இந்தக் கேலிக்கு ஓர் ஆள் உண்டு. எட்வர்ட் தாமஸ் என்ற ஆங்கிலேய நண்பரோடு 1914இல் ஃபிராஸ்ட் குளோஸ்டர்ஷயர் கிராமப்புறங்களில் நெடுந்தொலைவு நடப்பது வழக்கம். எந்தப் பக்கம் போனாலும், மற்றப் பக்கம் போயிருந்தால் இன்னும் நல்லதாக எதையாவது காட்டியிருக்கலாமே என்று தாமஸ் வருந்துவாராம். அந்தச் சுபாவத்தைச் சீண்டுவதற்காக எழுதியதை நண்பரே முதலில் கேலியாக எடுத்துக்கொள்ளவில்லை. தாமஸ் 1915 ஜூலையில் படையில் சேர்ந்தார். 1917 ஏப்ரல் 9 அன்று பிரான்சில் அராஸ் போர்க்களத்தில் இறந்தார். கவிதை அவரைப் போருக்கு அனுப்பியது என்று சொல்வது மிகை. ஆனால் எதிரில் நின்று பேசிப் பழகிய நண்பருக்கே தப்பிய தொனி, நூறாண்டு கழித்து அட்டையில் எழுதும் நமக்குத் தப்புவதில் வியப்பில்லை.

நம் அகப்பாடல்களை எவரும் ‘கபிலர் சொன்னார்’ என்று எடுத்தவுடன் படிப்பதில்லை. தலைவி கூற்றா, தோழி கூற்றா, செவிலி கூற்றா என்று பார்த்த பிறகே பொருள் கொள்கிறோம். குறளை அப்படிப் பார்க்கத் தேவையில்லை. அங்கே பேசுபவர் வள்ளுவர். அமெரிக்கக் கவிஞர்களைக் குறள்போலப் படிப்பதைவிடக் குறுந்தொகைபோலப் படிக்கலாம் என்பது என் கட்சி.

இதே தவற்றை நானும் செய்தவன். 2004இல் சென்னையில் வேலையை விட்டு இங்கே அமெரிக்காவுக்குக் கிளம்பியபோது, விடைபெறும் மின்னஞ்சலில் இந்த வரியைப் பதித்து அலுவலகம் முழுவதற்கும் அனுப்பினேன். அப்போது என் கையில் இரண்டு வேலைகள் இருந்தன. சம்பளம் இரண்டிலும் ஏறத்தாழ ஒன்றுதான். எதன் விசாத் தாள் முதலில் வந்து சேர்ந்ததோ அதைப் பிடித்துக்கொண்டு விமானம் ஏறினேன். அந்த மின்னஞ்சலை நினைத்தால் இன்றும் கூசுகிறது.

2024 நவம்பர் 10

திருத்தம். காமத்துப்பாலிலும் கூற்று உண்டு, பரிமேலழகர் அதைக் குறித்துக்கொண்டே போகிறார் என்று ஒருவர் சுட்டிக்காட்டியிருக்கிறார். உண்மை. நான் அறத்துப்பாலையும் பொருட்பாலையும் மட்டும் மனத்தில் வைத்துக் குறள் முழுவதையும் பேசிவிட்டேன். ‘வள்ளுவரே பேசுகிறார்’ என்பதை மூன்று பால்களில் அந்த இரண்டுக்கு மட்டும் சுருக்கிக்கொள்கிறேன்.

2024 நவம்பர் 17

கேள்வி கேட்டவர் விடுவதாக இல்லை. இலட்சக்கணக்கானோர் தவறாகப் படித்துத் தெம்பு பெற்றிருந்தால் அந்தத் தெம்பு பொய்யா என்கிறார். ஒரு வாரமாக இதை மென்றுகொண்டிருக்கிறேன்.

1964 மே மாதம் நேரு இறந்தபோது, அவர் மேசைமேல் ஃபிராஸ்டின் பனிக்காட்டுக் கவிதையின் இறுதி நான்கு அடிகள் அவர் கையாலேயே எழுதப்பட்டிருந்தன. காடு அழகாக, இருண்டு, ஆழமாக இருக்கிறது. ஆனால் காப்பாற்ற வேண்டிய வாக்குகள் இருக்கின்றன. உறங்கும் முன் போக வேண்டிய தொலைவு மிகுதி. நேருவும் வரிகளைப் பிய்த்தெடுத்தவர்தாம். இருந்தாலும் அவர் எழுதி வைத்ததில் இருண்ட காடும் கூடவே வந்துவிட்டது. நமது பள்ளிச் சுவர்களில் அந்த முதல் அடியை விட்டுவிட்டு, போக வேண்டிய தொலைவை மட்டும் எழுதுகிறார்கள்; அப்போது அது ஓட்டப்பந்தய வாசகமாகிவிடுகிறது. அந்தக் கவிதையில் ஒருவன் போகாமல் நிற்கிறான், நிற்கவே விரும்புகிறான். குதிரைகூட எதற்கு இங்கே நின்றோம் என்று மணியை ஆட்டுகிறது.

பனி கொட்டும் இந்தக் கவிதையை ஃபிராஸ்ட் 1922 ஜூன் மாதத்தில், வெர்மான்ட் மாநிலத்தில், இரவு முழுவதும் வேறொரு நீண்ட கவிதையோடு போராடி முடித்த அதிகாலையில் எழுதினார். இயைபு அமைப்பு ஏறத்தாழ அந்தாதி: ஒவ்வொரு பத்தியின் மூன்றாம் அடி எந்த ஓசையில் முடிகிறதோ அது அடுத்த பத்தியைப் பிடித்துக்கொள்ளும். அப்படியே போனால் கவிதையை நிறுத்த வழியில்லை. கடைசி அடியை இருமுறை சொல்லித்தான் சங்கிலியை அறுத்தார். நாம் தத்துவமாகக் கேட்கும் அந்த இரட்டிப்பில் யாப்பு நெருக்கடிக்கும் பங்குண்டு.

ஆக, என் கட்சியைச் சற்றுத் தளர்த்துகிறேன்: வரியை எடுக்கலாம், எடுக்கும்போது பக்கத்து வரியையும் பிடித்து இழுங்கள்.

2024 நவம்பர் 24

ஃபிராஸ்டை விட்டு நகர நினைத்தேன். என் வீட்டுக் கொல்லை விடவில்லை. நான் இருப்பது நியூ ஹாம்ப்ஷயரில் நாஷுவா. அவர் 1900 முதல் 1911 வரை வைத்திருந்த டெர்ரிப் பண்ணை எங்களுக்கு அரை மணி நேரப் பயணம். அவர் விற்ற பிறகு அந்த இடம் ஒரு காலத்தில் பழைய கார்களை உடைத்துப் போடும் கொட்டடியாகக் கிடந்து, பின்னர் மாநில அரசு வாங்கிச் சீராக்கியது. சுவரைச் செப்பனிடுவது பற்றி அவர் எழுதிய கவிதையில் வரும் அந்தக் கல்சுவர் அங்கே நடைபாதை ஓரத்தில் இருக்கிறது. அதே மாதிரிச் சுவர், சாந்து பூசாமல் கல்மேல் கல் அடுக்கியது, எனக்கும் பக்கத்து வீட்டுப் பெரியவருக்கும் நடுவில் ஓடுகிறது.

நல்ல வேலி இருந்தால் நல்ல அண்டைவீட்டார் என்ற வரியை எல்லைத் தகராறு வந்தால் எல்லாரும் ஃபிராஸ்ட் பெயரில் எடுத்து வீசுகிறார்கள். அது அவர் படைத்த வாக்கே அன்று, முன்பே வழங்கிய பழமொழி. 1914இல் வெளிவந்த அந்தச் சுவர்க் கவிதையில் அதைச் சொல்பவர் வேலிக்கு அந்தப் பக்கம் கல் அடுக்கும் மனிதர். தன் தகப்பன் சொன்ன சொல்லுக்கு அப்பால் போக மாட்டாதவர் என்று கவிதை அவரை எள்ளுகிறது. உங்கள் பக்கம் பைன் மரம், என் பக்கம் ஆப்பிள் மரம். என் ஆப்பிள் தாண்டி வந்து உங்கள் பைன் காயைத் தின்னப் போவதில்லை, பிறகெதற்குச் சுவர் என்று கேட்பவர்தான் கவிதையின் ‘நான்’. இங்கேயும் புகழ்பெற்ற வரியைக் கவிதையே நம்பவில்லை. இதை ஒரு விதியாகவே ஆக்கலாம்போல் இருக்கிறது.

2024 நவம்பர் 25

விதி ஒரு நாள்கூடத் தாங்கவில்லை.

இரவு மறுபடியும் படித்தேன். சுவர் எதற்கு என்று கேட்கிறாரே, அந்த ‘நான்’தான் குன்றுக்கு அப்பாலுள்ள அண்டைவீட்டாருக்குச் செய்தி சொல்லி, நாள் குறித்து, சுவரைச் செப்பனிட அழைக்கிறார். வேட்டைக்காரர்கள் சரித்துப் போட்ட இடங்களை அதற்கு முன்பும் அவர் தனியாகவே சீர்செய்திருக்கிறார். கடைசி வார்த்தையோ அண்டைவீட்டாருக்குக் கிடைக்கிறது. எந்தக் கூற்று வெல்கிறது என்று கவிதை தீர்ப்புச் சொல்லவில்லை. நேற்று நான் ஆப்பிள்காரர் பக்கம் சாய்ந்துவிட்டேன், படித்தவனுக்குப் படித்தவன் மேல் வரும் பாசம்.

2024 டிசம்பர் 15

குளிர்பெட்டியில் இருந்த பிளம் பழங்களைத் தின்றுவிட்டேன், காலை உணவுக்கு வைத்திருந்தாய் போலும், மன்னித்துக்கொள், அவை அவ்வளவு இனிப்பு, அவ்வளவு குளிர்ச்சி என்று 1934இல் வில்லியம் கார்லோஸ் வில்லியம்ஸ் எழுதியது கவிதையா என்று கேட்டிருக்கிறார்கள். நியூ ஜெர்சியில் ரதர்ஃபோர்டு என்ற ஊரில் வாழ்நாள் முழுவதும் மருத்துவம் பார்த்தவர் அவர். மருந்துச் சீட்டுத் தாள்களிலும் கவிதை கிறுக்குவார். மன்னிப்புக் கேட்கிற சாக்கில் ருசியை இன்னொருமுறை சப்புக்கொட்டிச் சொல்கிறாரே, திருமணமானவர்களுக்கு அந்தச் சாமர்த்தியம் தெரியும். அவர் மனைவி எழுதிவைத்த பதிலும் கவிதை வடிவில் கிடைக்கிறது.

நானும் சோதித்துப் பார்த்தேன். டப்பாவில் கடைசியாக இருந்த அதிரசத்தை இரவில் தின்றுவிட்டு, மூன்று அடியில் ஒரு சீட்டு எழுதிக் குளிர்பெட்டிக் கதவில் ஒட்டினேன். காலையில் அதன் கீழே ‘பால் இல்லை’ என்று எழுதியிருந்தது.

2025 ஜனவரி 12

இதற்கிடையில் வீட்டுச் சாவிக்கொத்தைத் தொலைத்துவிட்டேன். டிசம்பர் இறுதியில் வாசலில் பனியை அள்ளித் தள்ளிய அன்றோடு காணோம். அது நிற்க.

என் மகளுக்குப் பள்ளியில் ராபர்ட் ஹேடனின் குளிர்கால ஞாயிறு கவிதை பாடம். 1962ஆம் ஆண்டுத் தொகுப்பில் உள்ளது, 14 அடி. டெட்ராய்ட் நகரின் ஏழைக் கறுப்பினக் குடியிருப்பில் வளர்ப்புப் பெற்றோரிடம் வளர்ந்தவர் ஹேடன். ஞாயிற்றுக்கிழமையும் அப்பா விடியும் முன் எழுந்து, வார நாள்களின் உழைப்பில் வெடித்த கைகளால் நெருப்பு மூட்டி வீட்டைச் சூடாக்குகிறார். யாரும் அவருக்கு நன்றி சொன்னதில்லை. வீடு சூடான பிறகே மகனை எழுப்புகிறார். அவனுடைய நல்ல செருப்புகளுக்கு மெருகும் போட்டு வைத்திருக்கிறார். மகனோ ஏனோதானோவென்று பதில் சொல்கிறான். கடைசியில், எனக்கு என்ன தெரியும், எனக்கு என்ன தெரியும், அன்பின் கடுமையான, தனிமையான பணிகளைப் பற்றி என்று முடிகிறது.

‘பணிகள்’ என்று எழுதியதில் எனக்கு நிறைவில்லை. மூலத்தில் உள்ள சொல்லுக்கு அலுவல் என்றும் பொருள், துறவிகள் வேளை தவறாமல் ஓதும் வழிபாடு என்றும் பொருள். கைங்கரியம் என்ற சொல் சட்டென்று வந்தது. இரண்டு பொருளையும் தாங்குகிறது. பிறகு அதையும் அடித்துவிட்டேன். கைங்கரியத்தில் தெய்வம் பார்த்துக்கொண்டிருக்கும், நான்கு பக்தர்களும் பார்ப்பார்கள். அந்த நிலக்கரி அடுப்பின் முன்னால் அப்பாவை யாரும் பார்க்கவில்லை.

இன்னொன்று. அந்த வீட்டின் தீராத கோபங்களுக்கு அஞ்சியபடி எழுந்தேன் என்று நடுவில் ஓர் அடி இருக்கிறது. தந்தையர் தின அட்டைக்கு இந்தக் கவிதையைப் பரிந்துரைக்கிறவர்கள் இந்த அடியைச் சத்தமில்லாமல் தாண்டிப் போகிறார்கள். கோபக்காரராகவும், விடியலில் எழுந்து நெருப்பு மூட்டுபவராகவும் ஒரே மனிதர் இருந்தார் என்பதைத்தான் கவிதை சொல்கிறது. எங்கள் அப்பாவும் அப்படித்தான். தெருக்குழாயில் தண்ணீர் வரும் நான்கு மணிக்கு எழுந்து 11 குடம் நிரப்பிவிட்டு, ஐந்தரைக்கு எங்களைத் திட்டி எழுப்புவார். திட்டு மட்டும் நினைவிருக்கிறது. குடங்களின் எண்ணிக்கை அம்மா சொல்லித் தெரிந்தது.

மகளிடம் உருகிப்போய் இதைச் சொன்னேன். கேட்டுவிட்டு, ‘எனக்கு என்ன தெரியும்’ என்பதை இரண்டாம் முறை சொன்னது அடியின் நீளத்தை நிரப்பத்தானே என்று கேட்டாள். நவம்பர் 17 அன்று ஃபிராஸ்ட் பற்றி நான் எழுதியதை அவள் படித்திருக்க மாட்டாள் என்றுதான் நம்புகிறேன்.

2025 பிப்ரவரி 2

சாவி கிடைக்கவில்லை. பூட்டை மாற்றியாயிற்று. இந்த நிலையில் எலிசபெத் பிஷப்பின் இழக்கும் கலை பற்றிய கவிதையைப் படிக்காமல் இருக்க முடியுமா?

1976இல் வெளிவந்தது, 19 அடி. இரண்டு அடிகள் பல்லவிபோலத் திரும்பத் திரும்ப வர வேண்டிய யாப்பு. இழக்கும் கலையில் தேர்வது கடினமில்லை என்பது ஒரு பல்லவி. துக்க வீடுகளில் ஆறுதலுக்காக இந்த அடியை மட்டும் எடுத்து அனுப்புகிறார்கள். தினம் எதையாவது இழந்து பழகுங்கள் என்று தொடங்கி, முதலில் கதவுச் சாவிகள், வீணாய்ப் போன ஒரு மணி நேரம். அடுத்து இடங்கள், பெயர்கள். பிறகு அம்மாவின் கைக்கடிகாரம், நேசித்த மூன்று வீடுகள், இரண்டு நகரங்கள், இரண்டு ஆறுகள், ஒரு கண்டம். இறுதியில் ‘நீ’. அங்கே பல்லவி தடுமாறுகிறது. கடினமில்லை என்று அலட்சியமாகச் சொன்னவர், அவ்வளவு கடினமில்லை என்று இறங்கிவருகிறார். பேரழிவு என்ற கடைசிச் சொல்லை எழுதக் கை வராமல், அடைப்புக்குறிக்குள் ‘எழுது!’ என்று தன்னையே அதட்டுகிறார்.

பிஷப்புக்கு ஐந்து வயதாகும்போது, 1916இல், அவருடைய அம்மா மனநல மருத்துவமனையில் சேர்க்கப்பட்டார். பிறகு மகள் அவரைப் பார்க்கவே இல்லை. அம்மாவின் கைக்கடிகாரம் என்று போகிற போக்கில் சொல்லிவிட்டு நகரும் அந்த அடி எவ்வளவு கனம் சுமக்கிறது என்பது இதை அறிந்த பிறகே எனக்குப் புரிந்தது. இந்தக் கவிதையின் 17 வரைவுகள் வாசர் கல்லூரியில் பாதுகாக்கப்படுகின்றன. இழக்கும் கலை எளிது என்று சொல்ல 17 முறை எழுத வேண்டியிருந்தது.

என் விதியைக் கொஞ்சம் மீட்டுக்கொள்கிறேன்: இங்கே பல்லவியைக் கவிதை நம்பவில்லை என்பது உறுதி. ஆனால் நம்பாததைச் சொல்லிச் சொல்லித்தான் அந்த அம்மையார் கடைசி அடிவரை வந்து சேர்ந்தார். துக்க வீட்டுக்கு முழுக் கவிதையையும் அனுப்பலாம். பல்லவியை மட்டும் அனுப்புவது கொடுமை.

2025 மார்ச் 2

விதிக்கு வெளியே நிற்கும் கவிதை ஒன்றாவது காட்டுங்கள் என்று கேட்டார்கள். லாங்ஸ்டன் ஹியூஸ் 1922இல் வெளியிட்ட, தாய் மகனுக்குச் சொல்லும் கவிதை. எனக்கு வாழ்க்கை பளிங்குப் படிக்கட்டாக இருந்ததில்லை மகனே. அதில் ஆணிகள் இருந்தன, சிராய்கள் இருந்தன, பெயர்ந்த பலகைகள் இருந்தன, விரிப்பில்லாத வெறுந்தரை இருந்தது. ஆனாலும் ஏறிக்கொண்டேதான் இருக்கிறேன், நீ உட்கார்ந்துவிடாதே. இதைக் கவிதை முழுமையாக நம்புகிறது. கேலி கிடையாது, பெருமூச்சு கிடையாது.

ஆனால் இதுவும் கூற்றுதான். எழுதியவர் இருபதை ஒட்டிய வயது இளைஞர். சிறுவயதில் பெரும்பகுதி கான்சஸில் பாட்டியிடம் வளர்ந்தவர். அம்மா வேலை தேடி வெளியூர்களில் இருந்தார். மகனுக்குச் சொல்லப்பட வேண்டிய சொற்களை மகனே எழுதி அம்மாவின் வாயில் வைத்திருக்கிறார். பட்டமளிப்பு அட்டைக்கு எனக்குக் கிடைத்த பரிந்துரை இதுதான், முழுவதுமாக.

2025 மார்ச் 3

எமிலி டிக்கின்சனை மறந்தேனே. எல்லாவற்றுக்கும் சாட்சி அவரிடம் இருந்தது. 1862இல் ஹிக்கின்சன் என்ற எழுத்தாளருக்கு அனுப்பிய கடிதத்தில், பாட்டில் நான் ‘நான்’ என்று சொன்னால் அது என்னைக் குறிப்பதன்று, கற்பித்துக்கொண்ட ஓர் ஆளைக் குறிக்கும் என்று எழுதியிருக்கிறார். ஏறத்தாழ 1,800 கவிதைகள் எழுதி, உயிரோடிருந்தபோது பத்துப் பன்னிரண்டுகூட அச்சேறாத அந்த அம்மையார், கூற்று என்ற சொல் தெரியாமலே இலக்கணம் சொல்லிவிட்டார்.

ஆம்ஹர்ஸ்ட் ஊரில் அவர் வாழ்ந்த வீட்டுக்கு ஒருமுறை போயிருக்கிறேன். படுக்கையறையில் எழுதும் மேசை, காப்பித் தட்டு வைத்தால் தாள் வைக்க இடம் இராது, அவ்வளவு சிறியது. தேங்காய்க் கேக் செய்முறை எழுதிய தாளின் பின்புறத்தில், திரும்பி வராதவை சில உண்டு என்று தொடங்கும் கவிதை எழுதி வைத்திருந்தவர் அவர். 1856இல் ஊர்க் கால்நடைக் கண்காட்சியில் அவர் சுட்ட ரொட்டிக்கு இரண்டாம் பரிசு கிடைத்தது. அன்றாடம் அன்றாடம் என்று இந்த இழையில் பேசிக்கொண்டிருக்கிறோமே, இந்தத் தாளில் முன்புறம் அன்றாடம், பின்புறம் கவிதை.

2025 மார்ச் 9

மேரி ஆலிவரின் வரியை ஒரு நிறுவனப் பயிற்சி வகுப்பில் திரையில் காட்டினார்கள்: உன்னுடைய ஒரே ஒரு கட்டற்ற, அரிய வாழ்க்கையை என்ன செய்யப் போகிறாய்? அடுத்த படத்தில் காலாண்டு இலக்குகள். 1990இல் வந்த அந்தக் கவிதையில் அவர் நாள் முழுவதும் புல்வெளியில் சும்மா திரிகிறார். உள்ளங்கையில் ஒரு வெட்டுக்கிளி சர்க்கரை தின்கிறது, தாடையை மேலும் கீழுமாக அசைக்காமல் முன்னும் பின்னுமாக அசைக்கிறது. அதைப் பார்த்ததற்குப் பிறகுதான் அந்தக் கேள்வி வருகிறது. பயிற்சியாளரிடம் இதைச் சொல்லலாமா என்று நினைத்தேன். பிறகு காலாண்டு இலக்கை எழுதினேன்.

2025 ஏப்ரல் 6

சாவி கிடைத்துவிட்டது. பனி உருகிய பிறகு, கல்சுவரின் அடியில், சருகுக்குள் கிடந்தது. பூட்டு மாற்றியாயிற்று என்பதால் எதையும் திறக்காது.

2025 மே 18

அட்டை போன வாரம் கொடுக்கப்பட்டுவிட்டதாம். கேள்வி கேட்டவர் கடைசியில் போகாத பாதையையே எழுதியிருக்கிறார், 20 அடியும், பெருமூச்சு உள்பட. அட்டையில் இடம் போதாமல் உள்ளே ஒரு தாளை மடித்து ஒட்டியிருக்கிறார். அக்காள் மகன் படித்துவிட்டு, இரண்டு பாதையும் ஒன்று என்றால் எதற்கு மாமா இவ்வளவு யோசித்தான் என்று கேட்டிருக்கிறான்.

நேற்று எங்கள் சுவரைச் செப்பனிட்டோம். குளிர்காலத்தில் நிலம் உறைந்து வீங்கித் தள்ளியதில் ஆறு கற்கள் உருண்டிருந்தன. நான் சொல்லி அனுப்பும் முன்பே பக்கத்து வீட்டுப் பெரியவர் கையுறையோடு வந்து நின்றார். சில கற்கள் ரொட்டிபோலத் தட்டையாக ஒழுங்காக உட்கார்ந்துவிடும். உருண்டைக் கற்களை வைத்துவிட்டு மூச்சைப் பிடித்துக்கொண்டு கையை எடுக்க வேண்டும். ஒன்றை நான்கு முறை வைத்தேன். ஐந்தாம் முறை அவர் ஒரு சில்லை அடியில் செருகினார், நின்றுவிட்டது. கை கழுவும்போது ஃபிராஸ்ட் கவிதையைப் பற்றிக் கேட்டேன். பள்ளியில் படித்திருக்கிறேன், அதில் அந்தப் பக்கத்து வீட்டுக்காரர் சொல்வதுதான் சரி என்றார்.